காசு கட்டி நடக்கப்போற பேராண்டிக்கு

இன்னா பேராண்டி, நடக்கிறதுக்குக் காசு கட்டியிருக்கியாமே! உங்கம்மா போன்ல சொன்னதும், முட்டிக்கு ஏதோ வைத்தியம்னு நெனச்சு, இந்த வயசுலயே உனக்கு இந்தக் கதியான்னு கலங்கிப் போயிட்டேன். அப்புறம்தான் வெளக்கினா. ஞாயித்துக்கிழமை விடியக்காலம் பாரீஸ் கார்னர்ல கூடுவீங்களாம். ஒரு வழிகாட்டி முன்னால போவாராம், நீங்கல்லாம் பின்னால போவீங்களாம். பல சாதி, பல மதம், பல தேசத்து ஜனங்க ஒண்ணா வாழ்ந்த ஜார்ஜ் டவுனைத் தெருத் தெருவா காட்டுவாராம். பாரம்பரிய நடைன்னு அதுக்குப் பேராம். நல்ல காரியம்டா கண்ணு. ஊருக்கு வந்தா, முனைக்கடையில வெத்தல வாங்கியாடான்னா வண்டிச் சாவியைத் தேடுற ஆளு நீ. உன்னைக் காலால நடக்க வைக்கிற அந்த மகராசனுக்கு இன்னும் கொஞ்சம் சேத்தே குடுக்கலாம்.

நான் பட்டிக்காட்டான். பட்டணத்து நடைக்கு யோசனை சொல்ல எனக்கு யோக்கியதை இல்லே. ஆனா வந்தவாசிக் கோரைப்பாயைக் கட்டுக் கட்டா பஸ் மேல போட்டுக்கிட்டு வந்து, பாரீஸ் பஸ் ஸ்டாண்டுல எறங்கி, அதே தெருவுங்கள்ல கடை கடையா ஏறி எறங்கினவன். எனக்கு யாரும் அங்க வழி காட்டலே, 'வழியை விடுய்யா'ன்னு கத்தினாங்க. அந்தக் கத்தல்ல கத்துக்கிட்டது கொஞ்சம், தம்பு செட்டித் தெரு டீக்கடையில ஒரு வக்கீல் குமாஸ்தா சொல்லக் கேட்டது கொஞ்சம், வயசான காலத்துல நானே எழுத்துக் கூட்டிப் படிச்சது கொஞ்சம்னு மண்டையில கெடக்குது. சும்மா குடுக்கிறேன், வாங்கிக்க. ரசீது கேக்காதே.

மொதல்ல பாரி கட்டடத்தாண்ட நிறுத்துவாரு. 1788-ல வேல்ஸ் தேசத்துலேருந்து வந்து எறங்கின தாமஸ் பாரி, அவரு ஆரம்பிச்ச கம்பெனி, 1940-ல எழுந்த டேர் ஹவுஸுன்னு கதை ஓடும். எல்லாரும் அண்ணாந்து பாப்பாங்க. நீ கீழ பாரு. அங்க ஒரு கல்தூணு நிக்கும். 1773-ல நட்டது. மொத்தம் 13 நட்டாங்க, மிச்சம் இருக்கிறது இது ஒண்ணுதான். இந்தக் கல்லைத் தாண்டிக் கோட்டைப் பக்கமா எவனும் வீடு கட்டக்கூடாதுங்கிறதுக்கு அடையாளம் அது.

ஏன்னு கேளு. 1640-ல கோட்டை எழுந்ததும் நெசவாளி, வியாபாரி, பாஷை மாத்திச் சொல்ற துபாஷின்னு ஜனங்க கோட்டையை ஒட்டி வடக்கால குடியேறினாங்க. கறுப்பர் பட்டணம்னு வெள்ளைக்காரன் அதுக்குப் பேரு வச்சான். இப்ப ஐகோர்ட் நிக்குதே, அந்த எடம். 1746-ல பிரெஞ்சுக்காரன் கோட்டையைப் புடிச்சான், 1749-ல திருப்பிக் குடுத்துட்டுப் போனான். போறதுக்குள்ள அந்தப் பட்டணத்துல ஒரு பங்கை இடிச்சுட்டான். மிச்சத்தை இங்கிலீஷ்காரன் தானே இடிச்சான். எதிரி வந்தா பீரங்கிக்குக் குறி தெரியணும், நடுவுல உன் வீடு என் வீடு மறைக்கக்கூடாதுன்னு. 1758 கடைசியில பிரெஞ்சுத் தளபதி லாலி படையோட வந்து முற்றுகை போட்டுப் பாத்தான், ரெண்டு மாசத்துல திரும்பிட்டான். அவன் கணக்கை 1760-ல முடிச்சது நம்ம வந்தவாசியில. வழிகாட்டி அதைச் சொல்லாம தாண்டினா நீ கையைத் தூக்கிச் சொல்லு. பாய்க்கு அப்புறம் நம்ம ஊருக்கு இருக்கிற பெருமை அது ஒண்ணுதான்.

பீரங்கிக்கு எடம் விட்டுத் தள்ளிப் போன ஜனங்களாலதான் முத்தியால்பேட்டையும் பெத்தநாயக்கன்பேட்டையும் நெரிசலாச்சு. 1906-ல வேல்ஸ் இளவரசரு வந்துபோனதை ஒட்டி ஜார்ஜ் டவுன்னு புதுப் பேரும் கெடைச்சுது. ஆக, வெள்ளைக்காரன் எல்லாரையும் அரவணைச்சுச் சேத்துக்கிட்டான்னு கூட்டத்துல யாராவது உருகினா, அவரைக் கையைப் புடிச்சுக் கூட்டியாந்து அந்தக் கல்லுக்கு முன்னால நிறுத்து. ஒண்ணும் பேசாதே. கல்லே பேசிக்கும்.

சாமிக்கும் இதே கதிதான். பழைய பட்டணத்துல இருந்த பட்டணம் கோயிலையும் இடிச்சாங்க. வேற எடம் குடுத்து, 1760-கள்ல மணலி முத்துகிருஷ்ண முதலியாரு முன்ன நின்னு பூக்கடையாண்ட மறுபடி கட்டினாரு. சென்னகேசவப் பெருமாளும் சென்ன மல்லீஸ்வரரும் அங்க பக்கத்துப் பக்கத்துல குடியிருக்காங்க. சைவ வைணவ ஒத்துமையைப் பாருங்கன்னு வழிகாட்டி கைகாட்டுவாரு. நீயும் கும்பிட்டுக்க. வீடு இடிபட்டவங்களுக்கு மாத்து எடம் ஒரே வளைவுலதான் ஒதுக்குவாங்கங்கிறதை மனசுக்குள்ள மட்டும் வச்சுக்க.

அடுத்தது, 1688-ல கார்ப்பரேசன் ஆரம்பிச்ச கதை வரும். 12 ஆல்டர்மேன், அதாவது நகரசபை அங்கத்தினருங்க. இங்கிலீஷ்காரங்க 3, பிரெஞ்சுக்காரரு 1, போர்ச்சுகீசியரு 2, யூதருங்க 3, நம்ம இந்து வியாபாரிங்க 3. 'அந்தக் காலத்துலயே இவ்வளவு பரந்த மனசா!'ன்னு பக்கத்துல இருக்கிற அம்மா நெஞ்சுல கை வைப்பாங்க. நீ சிரிச்சிடாதே, மரியாதை இல்லே. லண்டன்ல ஒக்காந்திருந்த கிழக்கிந்தியக் கம்பெனிப் பெரிய மனுசரு ஜோசையா சைல்டு போட்ட கணக்கு அது. கம்பெனி வரி கேட்டா ஜனங்க மொறைப்பாங்க, அவங்கவங்க ஆளையே நாக்காலியில ஒக்கார வச்சுக் கேட்டா குடுப்பாங்க. நம்ம ஊர் மாரியம்மன் திருவிழாவுக்கு வசூல் கமிட்டி போடும்போது பேச்சுவார்த்தை இல்லாத பங்காளியையும் ஒரு ஆளா சேக்குறமே, பாசத்துலயா சேக்குறோம்? அதேதான் இது, கொஞ்சம் பெரிய ஊர்ல.

இதுக்காக அந்த ஏற்பாடு கெட்டதுன்னு நான் சொல்ல வரலே. பரந்த மனசை நம்பி ஒரு ஊரு கட்டினா, மனசு சுருங்குற அன்னிக்கு ஊரும் போயிடும். காரியம் இருக்கிறவன் ஒருத்தனை ஒருத்தன் சகிச்சுக்குவான். ஜார்ஜ் டவுன் இத்தனை காலம் நின்னது அந்தச் சகிப்புல. இதை மட்டும் மடியில முடிஞ்சுக்க, மத்ததெல்லாம் தெருவே சொல்லும்.

இப்ப அரண்மனைக்காரத் தெரு. அர்மீனியருங்க தெரு. 1688-லயே கம்பெனிக்கும் அர்மீனிய வியாபாரிங்களுக்கும் லண்டன்ல ஒரு ஒப்பந்தம். அவங்க சார்புல பேசினவரு கோஜா பனூஸ் காலந்தர். எந்த ஊர்ல 40 அர்மீனியர் சேந்தாலும் அவங்களுக்குக் கோயில் கட்ட எடம், கோயிலும் கட்டித் தரணும், சாமியாருக்கு 7 வருசத்துக்கு வருசம் 50 பவுன் சம்பளம். கணக்குப் புள்ளை எழுதின மாதிரி இருக்குதா? வியாபாரி சாமி கும்பிட்டாலும் ஷரத்தோடதான் கும்பிடுவான். சென்னையில அவங்க மொதல் கோயில் 1712-ல எழுந்துச்சு, இப்ப நீ பாக்கப்போறது 1772-ல கட்டினது. மணிக்கூண்டு தனியா நிக்கும், உள்ள ஆறு பெரிய மணி. உங்க கூட்டமே மணிக்கூண்டைப் படம் புடிக்கும். நீ முற்றத்துல தரையைப் பாத்து நட. கல்லறைக் கல்லுங்க மேலதான் நடந்துக்கிட்டு இருப்பே, செருப்புச் சத்தத்தைக் கொறச்சுக்க.

அந்தக் கல்லுக்குக் கீழ ஒரு பாதிரியாரு இருக்காரு, ஹாருத்தியூன் ஷ்மாவோனியன். உலகத்துலயே மொதல் அர்மீனியப் பத்திரிகை 'அஸ்தரார்' 1794-ல வந்துச்சு, அவருதான் நடத்தினாரு, அச்சானது இந்த மெட்ராஸ்ல. அவருக்கும் முன்னால ஷாஹமீர் ஷாஹமீரியன்னு ஒரு வியாபாரி இங்கயே அச்சுக்கூடம் வச்சு, சுதந்திர அர்மீனியாவுக்குன்னு ஒரு அரசியல் சட்டமே எழுதி அச்சடிச்சாரு. அப்ப அப்படி ஒரு நாடே கெடையாது. நாடு வர்றதுக்கு முன்னாலயே சட்டத்தைத் தயாரா வச்சிருந்த மனுசன் துணி வியாபாரத் தெருவுல ஒக்காந்திருந்தாருன்னா பாத்துக்க. கோஜா பெட்ரூஸ் உஸ்கான்னு இன்னொருத்தரு. 1726-ல அடையாத்து மேல சைதாப்பேட்டையாண்ட பாலம் கட்டினவரு, பரங்கிமலை ஏறப் படிக்கட்டும் போட்டவரு. கிறிஸ்தவரு போட்ட படியில யாரு ஏறினாங்க, பாலத்துல யாரு போனாங்கன்னு அவரு ஒண்ணும் ஆளை நிறுத்திப் பாக்கலே.

இன்னிக்கு அந்தக் கோயிலைப் பாத்துக்கிறது கல்கத்தாவுல இருக்கிற அர்மீனியக் கோயில் கமிட்டி. இங்க கும்பிட அவங்க ஜனம் இல்லே. வழிகாட்டி இந்த எடத்துல கொஞ்சம் குரலைத் தழைச்சுக்குவாரு. கொஞ்ச நேரம் நீயும் சோகமா இரு, தப்பில்லே. அப்புறம் அதே தெருவுல நாலு எட்டு வச்சு அந்தோணியார் கோயில் வாசல்ல நில்லு. கத்தோலிக்கக் கோயில்தான், ஆனா செவ்வாய்க்கிழமை வந்து பாத்தா பொட்டு வச்சவ, குல்லா போட்டவன், பூக்கூடைக்காரின்னு எல்லாரும் மெழுகுவத்தியோட நிப்பாங்க. யாரு இன்னா மதம்னு அங்க ஒருத்தரும் வெளக்கம் குடுக்கிறதில்லே, வேண்டுதல் இருக்குது, வந்திருக்காங்க. இன்னும் கொஞ்ச தூரத்துல கலவைச் செட்டியாரு கட்டின கச்சாலீஸ்வரர் கோயில். மூணு கோயில், ஒரே தெரு, வழியெல்லாம் கடை. சாமிங்களுக்குள்ள சண்டையே இல்லேன்னு நெனைக்கிறியா? சரி, அந்த எடத்துக்கு வர்றேன்.

வழிகாட்டி லேசா தாண்டிப் போயிடுற கதை ஒண்ணு இருக்குது. நீ நல்ல புள்ளையாட்டம் மூஞ்சை வச்சுக்கிட்டு ஒரே ஒரு கேள்வி கேளு: 'சார், இது வலங்கைத் தெருவா, இடங்கைத் தெருவா?' அவரு தண்ணி பாட்டிலைத் தேடுவாரு. ஊரே வலங்கை, இடங்கைன்னு சாதிங்களைப் பிரிச்சு ரெண்டு கட்சியா நின்ன காலம் அது. கல்யாண ஊர்கோலம் எந்தத் தெருவுல போறது, குதிரை மேல மாப்பிள்ளை ஏறலாமா, கொடி இன்னா நெறம்னு மண்டை ஒடையும். 1652-லயே பெரிய கலவரம். 1707-ல மறுபடி முட்டிக்கிச்சு, கவர்னர் தாமஸ் பிட் நடுவுல மாட்டிக்கிட்டாரு. கடைசியில பெத்தநாயக்கன்பேட்டை வலங்கைக்கு, முத்தியால்பேட்டை இடங்கைக்குன்னு பாகம் பிரிச்சாங்க. கோவத்துல ஒரு கட்சி சாந்தோமுக்கே மூட்டை கட்டிடுச்சு. தேசம் விட்டுத் தேசம் வந்த யூதரும் அர்மீனியரும் ஒரே ஊர்ல கடை போட்டப்போ, நம்ம ஆளுங்க பக்கத்துத் தெருக்காரனோட பல்லக்கைப் பாத்துப் பல்லைக் கடிச்சுக்கிட்டு இருந்தாங்க. அப்படிக் கடிச்சுக்கிட்டே மறுநாக் காலையில ஒருத்தன்கிட்ட ஒருத்தன் சரக்கும் வாங்கினாங்க. அதைத்தான்டா நீ பாக்கணும்.

அப்புறம் பவளக்காரத் தெரு. அங்க போனா நடையை மெதுவாக்கிக்க. ஐரோப்பாவுலேருந்து யூத வியாபாரிங்க பவளமும் வெள்ளியும் கொண்டாந்தாங்க, கோல்கொண்டா வைரத்தை வாங்கிக்கிட்டுப் போனாங்க. பவளத்தைத் தாலியில கோத்துக்கிட்டது நம்ம பொம்பளைங்க, வைரத்தை மாட்டிக்கிட்டது அவங்க ராணிங்க. அதுல ழாக் த பைவாங்கிற வைர வியாபாரி 1687-ல செத்துப்போனதும், அவரு பொண்டாட்டி கவர்னர் எலிஹு யேல் கூட வாழப் போன கதையும் ஒண்ணு இருக்குது. வழிகாட்டி இதை மறக்கவே மாட்டாரு, அவருக்கும் பொழப்பு நடக்கணும். அமெரிக்காவுல யேல்னு ஒரு பெரிய காலேஜ் இருக்குதே, அதே யேல்தான். இன்னிக்கு அந்தத் தெருவுல ஒரு யூதரு கெடையாது. பெத்தநாயக்கன்பேட்டையில இருந்த அவங்க கல்லறைக் கல்லுங்களைக்கூட லாயிட்ஸ் ரோடு பக்கம் கொண்டு போயிட்டாங்க.

தெரு அதுக்காகக் காலியா கெடந்துச்சா? செட்டிநாட்டு நகரத்தாருங்க வந்தாங்க. அவங்க பர்மாவுக்குக் கப்பல் ஏறி வட்டிக்கடை போட்டாங்க. அவங்களோட கணக்கப்புள்ளை, கூலிக்காரன், சமையக்காரன்னு தமிழ் ஜனம் ஆயிரம் ஆயிரமா ரங்கூனுக்குப் போச்சு. 1962-ல நே வின் ஆட்சியைப் புடிச்சாரு, ரெண்டு வருசத்துல கடையெல்லாம் சர்க்காருக்குன்னு சட்டம் போட்டாரு. போன ஜனம் வெறுங்கையோட கப்பல்ல திரும்பிச்சு. 1969-ல பீச் ஸ்டேஷனாண்ட ரோட்டோரமா அவங்களுக்குக் கடை ஒதுக்கினாங்க, பர்மா பஜாருன்னு ஆச்சு. அவங்க கொண்டாந்த சொத்து ஒண்ணே ஒண்ணு, அத்தோ. நூடுல்ஸ், முட்டைக்கோசு, வறுத்த வெங்காயம், புளித்தண்ணி, மொளகாத்தூளு, எல்லாத்தையும் கையால பெசைஞ்சு, வாழைத்தண்டு சூப்போட குடுப்பாங்க. செகண்ட் லைன் பீச்சுல சாயங்காலம் ஆனா தட்டேந்தி நிக்கிற கூட்டத்தைப் பாரு. பவளத்துல ஆரம்பிச்சு அத்தோவுல வந்து நிக்குது கதை. எந்தப் பலகையிலயும் இதை ஒண்ணா எழுதி வைக்கலே, அதான் தாத்தா சொல்றேன்.

பச்சையப்பன் மண்டபத்தைக் கேட்டுப் பாரு. 1850-ல தெறந்தது. ஏதென்ஸ் பட்டணத்துக் கோயிலைப் பாத்துக் கட்டினதாம், காசு காஞ்சிபுரத்துப் பக்கத்து துபாஷ் பச்சையப்ப முதலியாரோட தர்மம், நிக்கிறது சைனா பஜாருன்னு பேரெடுத்த ரோட்டுல. நடைபாதைக் கடை மறைக்குது, தூணே தெரியலேன்னு உங்க கூட்டம் அங்கலாய்க்கும். கடைக்காரன் காதுல விழாம அங்கலாய்ங்க. அவனும் அந்த ஊரு வரலாறுதான், இன்னும் செத்துப்போகலேங்கிறதால பலகை வைக்கலே.

ஏழுகிணறு வரும்போது இதைக் கவனி. 1772-ல கேப்டன் பேக்கரு வெட்ட வச்ச கிணறுங்க. தண்ணி ஊறினது புதுக் கறுப்பர் பட்டணத்துல, போய்ச் சேந்தது கோட்டைக்கு. அங்க இருக்கிற வீராசாமித் தெருவுலதான் வள்ளலாரு இருந்தாரு, கந்தகோட்டத்துக்கு நடந்து போனாரு. பசிச்சவனைப் பாத்து மனசு வாடக் கத்துக்க அந்தத் தெரு தோதான எடம்தான். கொஞ்சம் மேக்கால போனா வால்டாக்ஸ் ரோடு. புதுப் பட்டணத்தைச் சுத்தி மதில் கட்டிட்டு, அதுக்கு ஜனங்ககிட்ட வரி வாங்கலாம்னு கம்பெனி பாத்துச்சு, வாங்க முடியலே. மதிலும் போச்சு, பழைய ஜெயில் ரோட்டுல ஒரு துண்டு மட்டும் மேல பூங்காவைச் சொமந்துக்கிட்டு நிக்குது. கட்டாத வரி பேருல ஒரு ரோடு இருக்கிற ஊரு உலகத்துல வேற எங்க இருக்கும்னு தெரியலே. நம்ம ஜனம் ஒத்துமையா செஞ்ச காரியம்னு அதைத் தாராளமா காட்டலாம்.

சவுகார்பேட்டையில உனக்கு உபதேசமே தேவையில்லே, மூக்கே கூட்டிக்கிட்டுப் போயிடும். குஜராத்தி, மார்வாடி, தெலுங்கு ஆரிய வைசியரு, உருது பேசுறவங்க, தமிழ் ஆளுங்க, எல்லாரும் தங்கசாலைத் தெருவுல ஒருத்தரை ஒருத்தர் இடிச்சுக்கிட்டுத்தான் நடப்பாங்க. பக்கத்துல கொத்தவால் சாவடி. கன்னிகா பரமேஸ்வரி தேவஸ்தானத்து எடம். 1996-ல காய்கறி மண்டியைக் கோயம்பேட்டுக்குக் கொண்டு போற வரைக்கும் பட்டணமே அங்கேருந்துதான் தின்னுச்சு. ராத்திரி ரெண்டு மணிக்குச் சேத்துல நின்னு தமிழன் தெலுங்குல விலை சொல்வான், தெலுங்கன் தமிழ்ல திட்டுவான், மார்வாடி ரெண்டுலயும் கடன் கேப்பான். ஒருத்தருக்கும் இலக்கணம் தெரியாது, ஒரு ரூபா கணக்கு தப்பாது. இப்ப அதே வட்டாரத்துல முறுக்கு சாண்ட்விச்னு விக்கிறான். நம்ம முறுக்கு ரெண்டை எடுத்து, நடுவுல வெள்ளரிக்காயும் தக்காளியும் வச்சு, வடக்கத்திப் பச்சைச் சட்னியைத் தடவிக் குடுக்கிறான். எந்த மாநாட்டுலயும் தீர்மானம் போட்டு இது நடக்கலே. பசிச்சவன் ஒருத்தன், விக்கத் தெரிஞ்சவன் ஒருத்தன்.

ராயபுரத்துக்குக் கூட்டிக்கிட்டுப் போனா, பார்சிங்க அக்கினிக் கோயிலைக் காட்டுவாரு. 1910-லேருந்து நெருப்பு அணையாம வச்சிருக்காங்க. வேத்து ஆளுங்களை உள்ள விட மாட்டாங்க. வாசல்ல நின்னு கும்பிட்டுட்டுத் திரும்பு. டிக்கெட் வாங்கியிருக்கேன்னு காட்டாதே. பக்கத்துல வாழ்றதுக்கு எல்லாக் கதவும் தெறந்திருக்கணும்னு அவசியம் இல்லே கண்ணு. மூடின கதவுக்கு மரியாதை குடுக்கத் தெரிஞ்சவன்தான் நல்ல பக்கத்து வீட்டுக்காரன்.

பக்கத்து வீடுன்னதும் ஞாபகம் வருது. உன் அபார்ட்மெண்ட்ல வாடகைக்கு வீடு கேட்டு வந்த பையன்கிட்ட, கறி சமைப்பியா, எந்த ஊரு, எந்த ஆளுங்கன்னு கேட்டுத் திருப்பி அனுப்பினாங்களாமே? சங்கத்துல நீயும் ஒரு ஆளாமே? அந்தக் கூட்டத்துல நீ பேசாம போனையே பாத்துக்கிட்டு இருந்தேன்னு உன் பொண்டாட்டி சொன்னா. சரி விடு, நான் கேக்கலே. முந்நூறு வருசத்துக்கு முன்னால கம்பெனிக்காரன் காசுக்காகவாவது 12 நாக்காலி போட்டான். நீங்க லிப்ட் வச்ச கட்டடத்துல ஒரு வீடு தர யோசிக்கிறீங்க, அப்புறம் பல இன மக்கள் வாழ்ந்த தெருவைப் பாக்கப் பணம் கட்டுறீங்க. செத்துப்போன அர்மீனியரு கறி சமைச்சாலும் வாசனை வராதுன்னு தைரியம் போல.

அந்தத் தெருவுங்கள்ல இன்னிக்கும் வேத்து ஊரு ஜனம் வந்து எறங்கிக்கிட்டேதான் இருக்குது. மூட்டை தூக்குறவன், மீன்பாடி வண்டி மிதிக்கிறவன், பட்டறையில நகைக்குப் பத்த வைக்கிறவன்னு பாரு, பீகாரு, ஒடிசா, வங்காளம்பான். ஒரே அறையில பத்துப் பேரு முறை போட்டுத் தூங்குறாங்க. அவங்க வீதியையும் காட்டுவீங்களான்னு வழிகாட்டியைக் கேளு. பாவம், அவரு நல்லவரு, நெறையப் படிச்சவரு, நான் கொறை சொல்லலே. ஆனா அவரு கையில இருக்கிற பட்டியல்ல இருநூறு வருசம் ஆறிப்போனவங்களுக்குத்தான் எடம் இருக்குது.

கடைசியா சில்லறை யோசனை. தேயாத செருப்பாப் போட்டுக்க, அந்தத் தெருவுங்கள்ல சாணியும் உண்டு, சாக்கடையும் உண்டு. வீட்டுலயே ஒண்ணுக்குப் போயிட்டுக் கெளம்பு, அங்க தேடிக் கண்டுபுடிக்கிறது பழைய மதிலைத் தேடுறதைவிடக் கஷ்டம். திண்ணையில ஒக்காந்திருக்கிற கெழவியைக் கேக்காம படம் புடிக்காதே, அவ உன் பாரம்பரியம் இல்லே. அவ வீட்டுல அவ ஒக்காந்திருக்கா.

முக்கியமானதைச் சொல்லிடுறேன். ஞாயித்துக்கிழமை விடியக்காலம் ஏன் கூட்டிக்கிட்டுப் போறாங்க தெரியுமா? கடையெல்லாம் சாத்தியிருக்கும், தெரு காலியா இருக்கும், நடக்கத் தோதா இருக்கும். வியாபாரத்துக்குன்னே பொறந்த ஊரை, வியாபாரம் இல்லாத நாளாப் பாத்துக் காட்டுறாங்க. அதனால திங்கக்கிழமை லீவு போடு. பதினோரு மணிக்குத் தனியா போ. கையில ஒரு பட்டியல் வச்சுக்க: உன் தங்கச்சி கல்யாணத்துக்கு ஆண்டர்சன் தெருவுல பத்திரிகை, கோவிந்தப்ப நாயக்கன் தெருவுல முந்திரி திராட்சை, கோடவுன் தெருவுல ஜாக்கெட் துணி, தேவராஜ முதலித் தெருவுல சாமி படம், பத்ரியன் தெருவுல பூவுக்கு அட்வான்ஸ். ஒவ்வொரு கடையிலயும் பேரம் பேசு. மொதலாளி ஒரு பாஷை, கணக்கு எழுதுறவரு ஒரு பாஷை, மூட்டையை உன் கால்ல போடுறவன் ஒரு பாஷை பேசுவாங்க. எல்லாரும் உன்னை ஏமாத்தப் பாப்பாங்க, ஒருத்தரும் உன்னை எந்த ஆளுன்னு கேக்க மாட்டாங்க.

முடிஞ்சா அந்த வழிகாட்டியையும் கூட்டிக்கிட்டுப் போடா. மூட்டை தூக்க ஒரு ஆளு ஆச்சு, அவருக்கும் ஊரைப் பாத்த மாதிரி ஆச்சு.